சாம்பாரைப் புரதக் கணக்கில் சேர்க்கலாமா?

நீங்கள் எழுதியதை நான் புரிந்துகொண்டது இப்படி. வயது 41, எடை 72 கிலோ, உயரம் 172 சென்டிமீட்டர். பிறந்ததிலிருந்து சைவம், முட்டையும் கிடையாது. பால், தயிர் உண்டு. சிங்கப்பூரில் சாங்கி பிஸினஸ் பார்க்கில் வேலை. அலுவலகத்தில் 12 வார நலத் திட்டம் ஓடுகிறது. மூன்று வேளைச் சாப்பாட்டையும் படமெடுத்துச் செயலியில் ஏற்ற வேண்டும். உங்கள் தட்டுக்குத் தினமும் "புரதம் இல்லை" என்று சிவப்புக் குறி விழுகிறது, அதனால் குழுவுக்குப் புள்ளி குறைகிறது, சக ஊழியர்கள் சிரித்துக்கொண்டே குத்திக் காட்டுகிறார்கள். திட்டத்தின் சார்பில் வரும் மதிய உணவில் மற்றவர்களுக்குக் கோழியும் சால்மன் மீனும், உங்களுக்கு வறுத்த பீஹூனும் (அரிசி நூடுல்ஸ்) கொஞ்சம் முட்டைக்கோஸும். பரிசோதனை அறிக்கையில் பிஎம்ஐ (உயரத்துக்கேற்ற எடைக் கணக்கு) 24.3, வெறும் வயிற்றுச் சர்க்கரை 6.2. புரதப் பொடி வாங்கலாமா, திட்டத்திலிருந்து விலகிவிடலாமா என்று இரண்டு கேள்வி கேட்டிருக்கிறீர்கள். ஆனால் நீங்கள் உண்மையில் கேட்பது வேறு என்று எனக்குப் படுகிறது: "வீட்டில் காலங்காலமாகச் சாப்பிட்டு வந்த சாப்பாடு, அது தப்பா?"

நான் உணவியல் ஆலோசகர். 17 ஆண்டுகளாக இதே தொழில்; முதல் ஆறு ஆண்டுகள் மருத்துவமனையில், அதன்பின் நிறுவனங்களுக்குப் போய்ப் பேசுவதும் தனி ஆலோசனை தருவதுமாக. மருத்துவர் இல்லை. உங்கள் முழு அறிக்கையையும் பார்க்கவில்லை, நீங்கள் எழுதிய இரண்டு எண்களை வைத்துத்தான் பேசுகிறேன். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: நான் சைவம் இல்லை. வெள்ளிக்கிழமையும் புரட்டாசியும் மட்டும்தான்.

முதலில் அந்தச் சிவப்புக் குறியை விட்டுவிட்டு 6.2-ஐப் பாருங்கள். அதைப் பற்றி நீங்கள் ஒரே ஒரு வரிதான் எழுதியிருக்கிறீர்கள், ஆனால் உங்கள் கேள்வியிலேயே முக்கியமானது அதுதான். ஊரில் இருக்கும் யாரிடமாவது 6.2 என்று சொன்னால் அவர் மூன்று மாதச் சர்க்கரைச் சராசரி என்று நினைத்துக்கொள்வார். இங்கே அறிக்கை மில்லிமோல் கணக்கில் வரும்; 18ஆல் பெருக்கினால் ஊர்க் கணக்கு, அதாவது சுமார் 112. வெறும் வயிற்றில் 6.1 முதல் 6.9 வரை இருந்தால் நீரிழிவு இல்லை, ஆனால் அதற்கு முந்திய கட்டம். 7.0ஐத் தொட்டால் நீரிழிவு என்று எடுத்துக்கொண்டு மறுபடி சோதிப்பார்கள். ஆக, நீங்கள் கோட்டை லேசாகத் தாண்டி நிற்கிறீர்கள். அடுத்த படி, 75 கிராம் குளுக்கோஸ் குடிக்க வைத்து இரண்டு மணி நேரம் கழித்துப் பார்க்கும் சோதனை. குடிமகனாகவோ நிரந்தரவாசியாகவோ இருந்தால், 40 வயது தாண்டிவிட்டதால் ஹெல்த்தியர் எஸ்ஜி என்ற அரசுத் திட்டத்தில் ஒரு மருந்தகத்தை (கிளினிக்) தேர்ந்தெடுத்து அங்கேயே கேட்கலாம். வேலை அனுமதியில் இருப்பவர் என்றால் நிறுவனக் காப்புறுதியில் வரும் மருந்தகத்தில் கேளுங்கள்.

பிஎம்ஐ குழப்பத்துக்கும் காரணம் இருக்கிறது. செயலி "சாதாரணம்" என்கிறது, மருந்தக அறிக்கை "மிதமான அபாயம்" என்கிறது என்று எழுதியிருந்தீர்கள். இரண்டும் வேறு வேறு அளவுகோல். வெளிநாட்டில் செய்த செயலி 25ஐ எல்லையாக வைத்திருக்கும். சிங்கப்பூரில் ஆசியர்களுக்கு 23க்கு மேல் மிதமான அபாயம், 27.5க்கு மேல் அதிக அபாயம். இதில் நம் ஆட்கள் விஷயம் இன்னும் கொஞ்சம் மோசம்: கை கால் ஒல்லியாக இருக்கும், வயிற்றுக்குள் கொழுப்பு சேர்ந்திருக்கும். 2010ஆம் ஆண்டின் தேசிய சுகாதாரக் கணக்கெடுப்பில் இங்குள்ள இந்தியர்களில் 17.2 விழுக்காட்டினருக்கு நீரிழிவு, சீனர்களில் 9.7. அதனால் எடை எந்திரத்தைவிட அளவு நாடாவைத்தான் நான் நம்புவேன். கடைசி விலா எலும்புக்கும் இடுப்பெலும்புக்கும் நடுவில் வைத்துச் சுற்றளவு பாருங்கள். ஆண்களுக்கு 90 சென்டிமீட்டர், பெண்களுக்கு 80. அதைத் தாண்டியிருந்தால் 24.3 என்பது எந்த விதத்திலும் சாதாரணம் இல்லை.

சரி, இப்போது தட்டுக்கு வருவோம். சைவ வீடுகளில் புரதம் பற்றிக் கேட்டால் எல்லோரும் சொல்லும் பதில் ஒன்றுதான்: "தினமும் சாம்பார் இருக்கே." நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்தேன். ஒரு நாள் உட்கார்ந்து எடை போட்டுப் பார்த்தேன். கெட்டியாக வேகவைத்த துவரம்பருப்பு 200 கிராமில் 13, 14 கிராம் புரதம் இருக்கும். அதே பருப்பைப் புளித்தண்ணீர் விட்டு நான்கு பேருக்கான சாம்பாராக ஆக்கினால் ஒரு கிண்ணத்துக்கு மூன்று, நான்கு கிராம்தான் மிஞ்சும். கடைச் சாம்பாரில் அதுகூட இருக்குமா என்பது அன்றைக்குக் கூட்டம் எவ்வளவு என்பதைப் பொறுத்தது! ரசத்தைக் கணக்கிலேயே எடுக்க வேண்டாம்.

நீங்கள் எழுதிய ஒரு நாள் சாப்பாட்டை வைத்துத் தோராயமாகக் கூட்டிப் பார்த்தேன். காலையில் மூன்று இட்லி, சாம்பார், சட்னி: 9 கிராம். மதியம் சோறு, சாம்பார், ரசம், பொரியல், சின்னக் கிண்ணத்தில் தயிர், அப்பளம்: 20. சாயங்காலம் ஒரு வடை, ஒரு தே (பால் தேநீர்): 6. இரவு மூன்று சப்பாத்தி, உருளைக்கிழங்கு குருமா: 12. மொத்தம் 47. உங்கள் எடைக்குக் கிலோவுக்கு 0.8 கிராம் என்று வைத்தால் 58 வேண்டும். ஆக, செயலி சொல்வது போல் புரதம் "இல்லை" என்பது பொய். ஆனால் போதும் என்பதும் உண்மை இல்லை. வந்த 47இலும் பாதிக்கு மேல் அரிசியும் கோதுமையும் கொடுத்தது. அந்தப் புரதத்தோடு மாவுச்சத்தும் மலையாக வருகிறது. உங்கள் 6.2க்குச் சைவம் காரணம் என்று நான் சொல்லமாட்டேன். தட்டில் முக்கால்வாசி சோறாக இருப்பதற்கு அதில் பங்கு இருக்கலாம்.

புரதம் என்பது அமினோ அமிலங்களால் ஆனது. அவற்றில் அரிசிப் புரதத்தில் லைசின் குறைவு, பருப்பில் மெத்தியோனின் குறைவு, இரண்டும் சேர்ந்தால் ஒன்றின் குறையை மற்றது நிரப்பும். இது உறுதியாகத் தெரிந்த விஷயம். ஒரே வேளையில் சேர்க்க வேண்டும் என்ற அவசியம்கூட இல்லை, ஒரு நாளுக்குள் வந்தால் போதும். பருப்புச் சாதம், பொங்கல், அடை எல்லாம் நல்ல கூட்டுத்தான். விகிதம்தான் தலைகீழாகிவிட்டது. அடையில் பருப்பு தூக்கலாக இருக்கும், தோசையில் அரிசி தூக்கலாக இருக்கும். நாம் வாரத்தில் ஐந்து நாள் தோசை சாப்பிடுகிறோம். (அடையைப் படமெடுத்து ஏற்றினால் அதைப் பான்கேக் என்று பதிந்துகொண்ட ஒரு செயலியை நானே பார்த்திருக்கிறேன். அதன் தீர்ப்புக்கு இவ்வளவு மதிப்புக் கொடுக்காதீர்கள்.)

குறையும் 11 கிராமை நிரப்புவது பெரிய வித்தை இல்லை. ஒரு டம்ளர் பால் 8 கிராம். ஒரு கிண்ணம் கொண்டைக்கடலைச் சுண்டல் 13. நூறு கிராம் தௌகுவா (கெட்டியான டோஃபு) 12 அல்லது கொஞ்சம் கூட. தெம்பே (புளிக்கவைத்த சோயா) அதைவிட அதிகம், நூறு கிராமுக்கு 19 வரை. நம் வீடுகளில் தௌகுவாவை இன்னும் "சீனச் சாப்பாடு" என்று ஒதுக்கி வைப்பது எனக்கு வேடிக்கையாக இருக்கிறது. எந்தப் பேரங்காடியிலும் இரண்டு வெள்ளிக்குள் கிடைக்கிறது, பனீரைவிட மலிவு, கொழுப்பும் குறைவு. மிளகு, சீரகம், கறிவேப்பிலை போட்டுப் பிரட்டினால் சோற்றுக்குப் பொரியல் மாதிரியே போகும்.

வெளியே சாப்பிடுவதுதான் சிக்கல். தேக்கா (லிட்டில் இந்தியா) பக்கம் வேலை என்றால் கவலை இல்லை, சைவ உணவகங்கள் உண்டு. ஆனந்த பவன் 1924இலிருந்தும் கோமள விலாஸ் 1947இலிருந்தும் இருக்கின்றன. அங்கேயும் நான் சொல்வது ஒன்றுதான்: இரண்டாம் முறை சோறு வேண்டாம் என்று சொல்லிவிட்டு, கூட்டையோ தயிரையோ இன்னொரு கிண்ணம் கேளுங்கள். சாங்கியில் உங்களுக்குக் கிடைப்பது பெரும்பாலும் உணவங்காடியில் இருக்கும் சீனச் சைவக் கடை. பௌத்த முறைக் கடை என்றால் பொதுவாக வெங்காயம், பூண்டுகூட இருக்காது, அதனால் நம்பிச் சாப்பிடலாம். முட்டை இருக்கிறதா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். ஆனால் அங்கே எல்லோரும் கை நீட்டுவது பீஹூனுக்கும், கோதுமைப் பசையில் செய்த போலி இறைச்சிக்கும். அந்தப் போலி இறைச்சியில் புரதம் இருப்பது உண்மை. கூடவே உப்பும் எண்ணெயும் தாராளம். தௌகுவா, கீரை, வேர்க்கடலை, கொஞ்சம் சோறு, குழம்பு ஊற்றாமல், அவ்வளவுதான் நான் அங்கே எடுப்பது. சாதாரணக் கலவைச் சோற்றுக் கடையில் "காய் மட்டும்" என்று கேட்டால் காய் வரும், சிப்பிச் சாறும் வரும். சம்பால் என்ற மிளகாய் விழுதில் பெலாச்சான் இருக்கும், அது இறால். நாசி பாடாங் (மலாய், இந்தோனேசியச் சோறு) கடையில் தெம்பேவைப் பார்த்து ஆசைப்பட்டால் அதன்மேல் இருக்கும் சம்பாலை முதலில் விசாரியுங்கள். அப்புறம் காப்பிக்கடைத் தே: கெட்டிப்பாலில் சர்க்கரை ஏற்கெனவே கலந்திருக்கிறது. உங்கள் சர்க்கரை அளவுக்கு "தே சி கோசொங்" (சர்க்கரை சேர்க்காமல், ஆவியாக்கிய பால் விட்ட தே) சரியாக இருக்கும்.

புரதப் பொடி பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. வே புரதம் பாலிலிருந்து வருவதுதான், வாங்குவது தப்பில்லை, கட்டாயமும் இல்லை. சிறுநீரகக் கோளாறு இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் தொடாதீர்கள். அந்தக் காசில் மூன்று மாதத்துக்குத் தௌகுவா வாங்கலாம் என்பது என் எண்ணம்.

ஆனால் யாரும் உங்களிடம் சொல்லாத ஒரு சத்து இருக்கிறது, அதற்காகத்தான் நான் இவ்வளவு நீளமாக எழுத உட்கார்ந்தேன்: பி12. தாவர உணவில் அது இல்லை. கீரையில் இருக்கிறது, பழைய சோற்றில் இருக்கிறது என்று வரும் வாட்ஸ்அப் செய்திகளை நம்பி இருக்காதீர்கள். பெரியவர்களுக்கு ஒரு நாளைக்கு 2.4 மைக்ரோகிராம் வேண்டும். ஒரு டம்ளர் பாலில் அதில் பாதி வரும். தேயில் விடும் இரண்டு கரண்டிப் பாலும், சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளும் தயிரும் கணக்குக்குப் பற்றாது. குறைந்தால் சோர்வு, கால் மரத்துப் போவது, மறதி என்று மெதுவாகக் காட்டும். உடலில் சில ஆண்டுகளுக்குச் சேமிப்பு இருப்பதால் குறைவது உடனே தெரியாது. நம் சாப்பாட்டில் கீரையும் பருப்பும் நிறைய, அதாவது ஃபோலேட் என்ற இன்னொரு பி வைட்டமின் நிறைய. அது இரத்தச் சோகையை மறைத்துவிடும், நரம்புப் பாதிப்பு மட்டும் சத்தமில்லாமல் நடக்கும். அலுவலகங்களில் செய்யும் வழக்கமான பரிசோதனை சர்க்கரை, கொழுப்பு, இரத்த அழுத்தம் பார்க்கும். பி12 பொதுவாக அதில் இருக்காது, நாமாகக் கேட்க வேண்டும். நாளைக்குச் சர்க்கரைக்காக மெட்ஃபார்மின் எழுதிக் கொடுத்தால் இது இரட்டிப்பு முக்கியம், ஏனென்றால் அந்த மருந்தும் பி12ஐக் குறைக்கும். குறைவு என்று வந்தால் மாத்திரை போதுமா ஊசி வேண்டுமா என்பதை மருத்துவர் சொல்லட்டும். மாத்திரையில் இருக்கும் பி12 நுண்ணுயிர்களை வளர்த்து எடுப்பது, அதனால் சைவம்தான். மேலுறை மட்டும் சில சமயம் ஜெலட்டின், அட்டையைப் படித்து வாங்குங்கள்.

இரும்புச்சத்து ஆண்களுக்கு அவ்வளவு பிரச்சினை இல்லை. வீட்டில் மனைவியும் சைவம் என்றால் அவருக்கு ஃபெரிட்டின் (உடலின் இரும்புச் சேமிப்பைக் காட்டும் இரத்தச் சோதனை) பார்க்கச் சொல்லுங்கள், சாப்பாட்டோடு தே குடிக்கும் பழக்கத்தையும் ஒரு மணி நேரம் தள்ளிப்போடச் சொல்லுங்கள்.

இதுவரை சொன்னதில் எனக்குச் சந்தேகம் இல்லை. இனிச் சொல்வதில் கொஞ்சம் இருக்கிறது. சைவம் அசைவத்தைவிட நல்லதா? ஆக்ஸ்ஃபோர்டில் பல ஆண்டுகளாக நடந்துவரும் எபிக் ஆய்வின் 2019ஆம் ஆண்டு முடிவில், சைவர்களுக்கு மாரடைப்பு வகை இதய நோய் 22 விழுக்காடு குறைவாகவும், பக்கவாதம் 20 விழுக்காடு அதிகமாகவும் வந்தது. பக்கவாதம் ஏன் கூடியது என்பதற்கு உறுதியான காரணம் தெரியவில்லை. பி12 குறைவாக இருக்கலாம் என்பது ஓர் ஊகம். தவிர, அவர்கள் பிரிட்டிஷ் சைவர்கள். அவர்கள் தட்டும் நம் தட்டும் ஒன்றில்லை. அதனால் "சைவம் என்பதாலேயே எனக்கு ஒன்றும் வராது" என்பதையும் நான் ஏற்கமாட்டேன், "சைவத்தால்தான் வந்தது" என்பதையும் ஏற்கமாட்டேன்.

நலத் திட்டங்கள் விஷயத்தில் ஆதாரம் இன்னும் தெளிவு, ஆனால் என் தொழிலுக்குச் சங்கடமானது. அமெரிக்காவில் ஒரு பெரிய அங்காடித் தொடரின் 160 கிளைகளில், சுமார் 33,000 ஊழியர்களை வைத்து ஸிருய் சாங், கேத்தரின் பெய்க்கர் இருவரும் செய்த ஆய்வு 2019இல் வந்தது. 18 மாதம் கழித்து, திட்டம் இருந்த கிளைகளில் உடற்பயிற்சி செய்கிறேன், எடையைக் கவனிக்கிறேன் என்று சொன்னவர்கள் அதிகம். எடை, இரத்த அழுத்தம், கொழுப்பு, மருத்துவச் செலவு, விடுப்பு நாள் எதிலும் குறிப்பிடும்படி வித்தியாசம் இல்லை. இல்லினாய் பல்கலைக்கழகத்தில் நடந்த இன்னோர் ஆய்வில், இந்தத் திட்டங்களில் தானாக வந்து சேர்பவர்கள் ஏற்கெனவே மருத்துவச் செலவு குறைவாக இருப்பவர்கள்தான் என்று தெரிந்தது. இரண்டும் அமெரிக்கா, சிங்கப்பூருக்கு அப்படியே பொருந்தும் என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனாலும் நான் பார்த்த வரையில், 12 வாரத்தில் எடை குறைத்துப் பரிசு வாங்கியவர்களில் பலர் அடுத்த தீபாவளிக்குள் பழைய எடைக்கு வந்துவிடுகிறார்கள். கடைசி இரண்டு நாள் தண்ணீர் குடிக்காமல் எடை பார்க்க வந்தவர்களும் உண்டு.

அதனால் விலக வேண்டாம், ஆனால் புள்ளிக்காகத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளவும் வேண்டாம். இலவசப் பரிசோதனை கிடைத்தது, அதில் 6.2 தெரிந்தது, திட்டம் உங்களுக்குத் தர வேண்டியதில் பாதியை அப்போதே தந்துவிட்டது. நடைக்குப் புள்ளி இருந்தால் அதை விடாமல் எடுங்கள். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பதினைந்து நிமிடம் நடப்பது சர்க்கரைக்கு உண்மையிலேயே உதவும்.

மனிதவளப் பிரிவிடம் பேசும்போது புகாராக ஆரம்பிக்காதீர்கள். அவர்களை அவ்வளவு எளிதில் குறை சொல்ல எனக்கு வாய் வராது, ஏனென்றால் அதே தப்பை நானும் செய்திருக்கிறேன். பல வருடங்களுக்கு முன் ஒரு நிறுவனத்துக்கு நான் தயாரித்த கையேட்டில் 12 மதிய உணவுப் படங்கள் இருந்தன. சைவம் ஒன்றே ஒன்று, அதுவும் வெறும் சாலட். பேச்சு முடிந்ததும் கணக்குப் பிரிவில் வேலை பார்த்த ஓர் அம்மா கையேட்டை நீட்டி, "இதுல என் சாப்பாடு எங்கம்மா இருக்கு?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. திட்டம் போடுகிறவர்கள் சைவத்தை ஓர் ஒவ்வாமை மாதிரிப் பார்க்கிறோம். எதை எடுத்துவிட வேண்டும் என்று யோசிக்கிறோம், அந்த இடத்தில் எதை வைப்பது என்று யோசிப்பதில்லை. கோழியை எடுத்தால் மிச்சம் பீஹூன்.

எனவே ஒன்றிரண்டை மட்டும், தெளிவாகக் கேளுங்கள். "சைவச் சாப்பாடு வேண்டும்" என்று கேட்டால் மறுபடியும் பீஹூன்தான் வரும். "சைவப் பெட்டியில் தௌகுவாவோ பருப்போ உள்ளங்கை அளவு இருக்க வேண்டும்" என்று எழுதிக் கொடுங்கள். செயலிக் குறிக்கும் ஒரு வழி இருக்கிறது: சுகாதார மேம்பாட்டு வாரியத்தின் மை ஹெல்தி பிளேட் படத்தில் அந்தக் கால் தட்டு இறைச்சிக்கு மட்டும் உரியதில்லை, டோஃபு, பருப்பு வகைகளும் அதில் அடங்கும். அதைக் காட்டினால் யாரும் மறுக்க முடியாது, அவர்களும் பெரும்பாலும் அதை வைத்துத்தான் திட்டமே போட்டிருப்பார்கள். முடிந்தால் இன்னொன்றும் கேளுங்கள்: பரிசோதனை முடிவு உங்கள் பெயரோடு நிறுவனத்துக்குப் போகிறதா, மொத்தத் தொகுப்பாக மட்டும் போகிறதா? நான் சட்டம் படித்தவள் இல்லை, ஆனால் இதைக் கேட்க உங்களுக்கு எல்லா உரிமையும் உண்டு. சக ஊழியர்களின் கேலிக்கு என்னிடம் மருந்து இல்லை. ஒரு நாள் சுண்டல் செய்து எடுத்துப் போய்ப் பாருங்கள். சில அலுவலகங்களில் அது வேலை செய்திருக்கிறது.

கடைசியாக அந்தக் குளுக்கோஸ் சோதனை. அதற்கு முந்திய மூன்று நாளும் சோறு, இட்லி எல்லாம் வழக்கம்போல் சாப்பிடுங்கள். போட்டிக்காகச் சோற்றை நிறுத்திவிட்டு நேராகச் சோதனைக்குப் போனால் அளவு உள்ளதைவிடக் கூடுதலாகக் காட்டலாம். அந்த மூன்று நாளில் எத்தனை சிவப்புக் குறி விழுந்தாலும் விழட்டும். முடிவு வந்ததும் வெறும் வயிற்று அளவு, இரண்டு மணி நேர அளவு, பி12, இடுப்புச் சுற்றளவு நான்கையும் இங்கே எழுதுங்கள். அடுத்து என்ன செய்யலாம் என்று அதை வைத்துச் சொல்கிறேன்.